1942-இல் வந்த ஜெர்மன் கிராமத்துப் படம் ‘பொன் நகரம்’: பார்த்தவர்கள் வாருங்கள்

#1 கொட்டகைக்காரன்

போன வாரம் மூன்று நாள் விடாத மழை. வெளியே போக வழியில்லாமல் ஒரு பழைய ஜெர்மன் படத்தைப் போட்டு உட்கார்ந்தேன். பார்த்ததிலிருந்து யாரிடமாவது பேச வேண்டும் போல இருக்கிறது. வீட்டில் கேட்க ஆளில்லை, அதனால் இங்கே கொட்டுகிறேன்.

‘டீ கோல்டெனெ ஷ்டாட்’. தமிழில் ‘பொன் நகரம்’ என்று வைத்துக்கொள்வோம். இயக்கம் ஃபைட் ஹார்லான். ஜெர்மனியில் ‘ஹைமாட்’ படங்கள் என்று ஒரு வகை உண்டு: மலை, வயல், பண்ணை வீடு, பிடிவாதக்கார அப்பா, ஊரை விட்டுப் போக நினைக்கும் பிள்ளை. அந்த வகையில் போர்க்காலத்தில் வந்து பெரிய வசூல் செய்த படம் இது.

கதையைச் சொல்கிறேன், முடிவும் சேர்த்துத்தான். எண்பது வருடத்துக்கு முந்தைய படத்துக்கு அதற்கு மேல் ரகசியம் காக்க முடியாது.

பொஹீமியாவில் (இன்றைய செக் நாட்டின் ஒரு பகுதி) ஜெர்மன் பேசும் பெரிய பண்ணைக்காரர் யோப்ஸ்ட். அவருக்கு ஒரே மகள் அன்னா. அம்மா பிராக் நகரத்துப் பெண். கிராமத்தில் மனசு ஒட்டாமல் பக்கத்துச் சதுப்பில் விழுந்து உயிரை விட்டவள். மகளுக்கும் பிராக்கைப் பார்க்க வேண்டும் என்று ஒரே ஏக்கம். அந்தச் சதுப்பு நீரை வடித்து விளைநிலமாக்க ஒரு இன்ஜினியர் வருகிறார். அன்னாவுக்கு அவர்மேல் ஈர்ப்பு. அப்பா ஆளைத் துரத்திவிட்டு, பண்ணையின் தலைமை வேலைக்காரன் தாமஸுக்கு மகளை நிச்சயம் செய்கிறார். அப்பா வெளியூர் போன சமயம் பார்த்து அவள் பிராக்குக்குப் புறப்படுகிறாள். அங்கே அம்மாவின் சகோதரி வீட்டில் தங்க, அந்த வீட்டுப் பையன் டோனி பண்ணைச் சொத்து வரும் என்ற கணக்கில் அவளை வளைக்கிறான். அவள் கர்ப்பமாகிறாள். அப்பா சொத்து கிடையாது என்றதும் டோனி நழுவிவிடுகிறான். அவள் ஊர் திரும்புகிறாள். அங்கே அப்பா வீட்டு வேலைகளைப் பார்க்கும் செக் பெண்ணைக் கட்டிக்கொள்ளத் தயாராக நிற்கிறார். அன்னா அம்மா போன அதே சதுப்புக்குப் போகிறாள். அதற்குப் பிறகுதான் அப்பா நீரை வடிக்கச் சம்மதித்து, பண்ணையைத் தாமஸிடம் ஒப்படைக்கிறார்.

இப்போது என் விஷயம். எல்லாரும் இதை ‘கிராமம் நல்லது, நகரம் கெட்டது’ படம் என்று எழுதியிருக்கிறார்கள். எனக்கு அப்படிப் படவில்லை. படம் முழுக்க ஓடுவது ஒரே கேள்வி: இந்தப் பண்ணை யார் கைக்குப் போகும்? அப்பாவின் கோபம், டோனியின் காதல், வேலைக்காரியின் சூழ்ச்சி என்று எதைத் தொட்டாலும் அடியில் நிலம் கிடக்கிறது. மண்வாசனை தடவிய பத்திரப்பதிவு ஆபீஸ் படம் என்றுதான் சொல்வேன். உங்களுக்கு எப்படிப் பட்டது?

#2 சும்மாஇரு

ஹார்லான் என்றால் ‘யூட் ஸ்யூஸ்’ எடுத்த அதே ஆளா?

#3 கொட்டகைக்காரன்

அவரேதான். யூதர்கள்மீது வெறுப்பை மூட்டுவதற்கென்றே 1940-இல் எடுத்த அந்தப் படத்துக்கு அடுத்தடுத்த வருடங்களில் வந்தது இது. கதாநாயகியும் அதே ஆள், கிறிஸ்டினா ஸோடர்பாம். ஹார்லானின் மனைவி. அப்பாவாக வரும் ஒய்கன் க்லோப்ஃபர் ‘யூட் ஸ்யூஸ்’ படத்திலும் அவருக்கு அப்பாதான். அங்கேயும் மகள் தண்ணீரில் சாகிறாள். ‘யூகெண்ட்’ (1938) படத்திலும் இதே சாவு. மூன்று முறை மூழ்கிய பிறகு ஜனங்கள் அவருக்கு ஒரு பட்டப்பெயரே வைத்துவிட்டார்கள்: ‘ரைஷ்ஸ்வாஸர்லைஹெ’. ‘பேரரசின் தண்ணீர்ப் பிணம்’ என்று பொருள். போர்க்காலத்திலும் இந்த நக்கலுக்கு மட்டும் பஞ்சமில்லை.

#4 மேகலா

‘ஹைமாட்’ என்றால் தாய்நாடு என்று எங்கோ படித்தேன். இங்கே பண்ணை, வயல் என்கிறீர்கள். எது சரி?

இன்னொன்று. அம்மாவின் சகோதரி மகன் என்றால் நம் முறைப்படி அண்ணன் ஆயிற்றே! அவன் வளைத்தான் என்று படித்ததும் எனக்கு அதுதான் முதலில் தூக்கிவாரிப் போட்டது. :)

#5 வடமராட்சி

மேகலா அக்கா, ‘ஹைமாட்’டை நாடு என்று மாற்றினால் கதை கெட்டுப்போகும். நான் முப்பது வருடமாக ஜேர்மனியில் இருக்கிறேன். எனக்குத் தெரிந்து அதற்குக் கிட்ட வருகிற தமிழ்ச்சொல் ‘ஊர்’ தான். நாங்கள் ஒருவரை ஒருவர் கண்டால் “நீங்கள் எந்த ஊர்?” என்று கேட்பது போல. பிறந்த வளவு, கோயில், குளம், பேச்சு வழக்கு, சொந்தம், எல்லாம் ஒன்றாகச் சேர்ந்த சொல். இன்னுமொரு சங்கதி, முந்தின காலத்தில் இந்தச் சொல்லுக்குச் சட்டப் பொருளும் இருந்தது. ‘ஹைமாட்ரெஹ்ட்’ என்று சொல்வார்கள். ஒருவன் வறுமைப்பட்டால் எந்த ஊர் அவனைப் பராமரிக்க வேண்டும் என்பதை அந்த உரிமைதான் தீர்மானிக்கும். ஆகவே ‘ஹைமாட்’ ஆரம்பத்திலிருந்தே வெறும் பாசம் இல்லை. ஆர் உள்ளே, ஆர் வெளியே என்ற கணக்கும் அதுக்குள் இருக்கு. கொட்டகைக்காரன் அண்ணை சொன்ன ‘பத்திரப்பதிவு’ எனக்குச் சரியாகத்தான் படுகிறது.

நாஜிகள் அந்தச் சொல்லைப் பிடித்து அதுக்குள் ‘இரத்தம்’ என்பதைத் திணித்தார்கள். ‘ப்ளூட் உண்ட் போடன்’, அதாவது இரத்தமும் மண்ணும். அவர்களின் விவசாய மந்திரி டாரே இதைக் கொள்கையாகவே பரப்பினவர்.

#6 சும்மாஇரு

எனக்கு ஒரு சந்தேகம். நகரத்துக்குப் போன பெண் கெட்டுப்போவதாகப் படம் எடுக்காத நாடு எது? நாஜி காலத்துப் படம் என்று தெரிந்ததால் நாம் எல்லாவற்றிலும் நாஜியைத் தேடுகிறோமோ? இது ரிச்சர்ட் பில்லிங்கர் எழுதிய ‘டேர் கிகாண்ட்’ நாடகத்திலிருந்து எடுத்தது. அவர் ஆஸ்திரியாக்காரர், கிராமத்து ஆள், 1932-இல், அதாவது ஹிட்லர் வருவதற்கு முன்பே, கிளைஸ்ட் பரிசு வாங்கியவர். ‘கிகாண்ட்’ என்றால் அரக்கன், பிராக் நகரம்தான் அந்த அரக்கன். நகரத்தைப் பார்த்துக் கிராமத்தான் பயப்படும் பழைய கதை. அதில் அரசியல் எங்கே?

#7 கொட்டகைக்காரன்

நல்ல கேள்வி, கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

நாடகத்தில் சாவது அப்பா. படத்தில் மகள். நடுவில் என்ன நடந்தது? பிரச்சார மந்திரி கோயபல்ஸ் முடிவில் கை வைத்தார். அப்பா செத்து மகள் பிழைத்தால், செக்காரனுக்குப் பிறந்த பிள்ளை அந்த ஜெர்மன் பண்ணைக்கு வாரிசாகிவிடும். அது அவர்களுக்கு ஆகாது. அதனால் பெண்ணும் வயிற்றில் இருந்ததும் சேர்ந்து சதுப்புக்குள் போக வேண்டியதாயிற்று. போருக்குப் பிறகு ஹார்லான், எல்லாவற்றையும் செய்யச் சொன்னது கோயபல்ஸ்தான், நான் என்ன செய்வேன் என்கிற ராகத்தில்தான் பேசினார். அவர் பேச்சை அப்படியே நம்பத் தேவையில்லை, தப்பிக்கப் பார்க்கும் ஆள். ஆனால் நாடகத்தையும் படத்தையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், யார் பிழைக்கிறார்கள் யார் சாகிறார்கள் என்பது தலைகீழாகியிருக்கிறது. அது யாருடைய பேச்சையும் நம்பிச் சொல்ல வேண்டிய விஷயம் இல்லை.

அடுத்து சட்டம். 1933 செப்டம்பர் 29-ஆம் தேதி ‘ரைஷ்ஸெர்ப்ஹோஃப்கெஸெட்ஸ்’ என்று ஒரு சட்டம் வந்தது. பரம்பரைப் பண்ணைச் சட்டம். சுமார் 7.5 ஹெக்டேரிலிருந்து 125 ஹெக்டேர் வரை உள்ள பண்ணைகளைப் பிரிக்கக் கூடாது, விற்கக் கூடாது, கடனுக்கு ஜப்தி செய்யக் கூடாது. ஒரே வாரிசு. அந்தப் பண்ணைக்காரன் 1800-ஆம் ஆண்டு வரை தன் முன்னோரில் யூத ரத்தமோ ‘வேற்றின’ ரத்தமோ கிடையாது என்று நிரூபிக்க வேண்டும். ‘பவுவர்’, அதாவது குடியானவர் என்ற பட்டமே அவனுக்குத்தான், மற்றவன் வெறும் ‘நிலம் வைத்திருப்பவன்’. வாரிசு வரிசையைக் கேளுங்கள்: முதலில் மகன்கள், அப்புறம் அப்பா, அப்புறம் சகோதரர்கள், அதற்கும் அப்புறம்தான் மகள்கள்.

கதை நடப்பது பொஹீமியாவில்தான். ஆனால் டிக்கெட் வாங்கி உட்கார்ந்தவர்கள் ஒன்பது வருடமாக இந்தச் சட்டத்துக்குள் வாழ்கிறவர்கள். மகன் இல்லாத பெரிய பண்ணை, ஒரே மகள், அவள் வயிற்றில் செக் பிள்ளை என்று திரையில் வந்ததும் அவர்களுக்கு என்ன தோன்றியிருக்கும் என்று யோசியுங்கள். ‘ஐயோ, கற்பு போச்சே’ என்று மட்டும் தோன்றியிருக்காது.

கடைசியில் பண்ணை தாமஸுக்குப் போகிறது பாருங்கள். ரத்த உறவே இல்லாத வேலைக்காரன். ஆனால் ‘சரியான’ ரத்தம். மகளை விட அது போதும் என்று படம் அமைதியாகச் சொல்லிவிடுகிறது.

#8 வடமராட்சி

இதோடு தேதிகளையும் வைத்துப் பாருங்கோ.

பிராக் அப்போது ஜேர்மன் பிடியில். 1939 மார்ச்சிலிருந்து ‘பொஹீமியா-மொராவியா காப்பரசு’ என்று பெயர். 1942 மே 27-ஆம் திகதி பிராக்கில் அந்தக் காப்பரசை ஆண்ட நாஜித் தலைவர் ஹைட்ரிஹ்மீது தாக்குதல், ஜூன் 4-இல் அவர் சாகிறார். ஜூன் 10-இல் பழிக்குப் பழியாக லிடிட்ஸே என்ற கிராமத்தையே அழிக்கிறார்கள். 173 ஆண்களை அங்கேயே சுட்டார்கள். பெண்களை முகாமுக்கு அனுப்பி, வீடுகளை எரித்து, இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். இது நடந்து மூன்று மாதம் ஆகவில்லை, செப்டம்பரில் வெனிஸ் படவிழாவில் இந்தப் படம் திரையிடப்பட்டு ஸோடர்பாமுக்குச் சிறந்த நடிகை விருது கிடைக்கிறது. திரையில் செக்காரன் ஒரு ஜேர்மன் பெட்டையின் வாழ்வைக் கெடுக்கிறான். வெளியில் ஒரு செக் கிராமமே இருந்த இடம் தெரியவில்லை.

பெர்லினில் படம் வெளியானது 1942 நவம்பர் 24. அதற்கு முதல்நாள்தான் ஸ்டாலின்கிராட்டில் ஜேர்மன் ஆறாவது படையைச் சோவியத் இராணுவம் முழுதாகச் சுற்றி வளைத்திருந்தது.

#9 பிலிம்சுருள்

வணக்கம். அரசியல் எனக்கு வராது. நான் சென்னையில் ஒரு கலர் லேபில் இருபத்தாறு வருடம் பிலிம் கழுவியவன். கலர் பற்றி யாரும் சொல்லவில்லையே என்றுதான் வந்தேன்.

இது அக்ஃபாகலர் படம். ஜெர்மனியின் இரண்டாவது முழுநீளக் கலர் கதைப் படம். முதலாவது 1941-இல் வந்த ஒரு இசைப் படம், அதில் வெளிப்புறக் காட்சிகளில் நிறம் சரியாக நிற்கவில்லை. புல்லைப் பச்சையாகக் காட்டுவது அவ்வளவு லேசு இல்லை, லேபில் இருந்தவனுக்குத்தான் தெரியும். அதனால்தான் ஹார்லான் படத்தின் வயலையும் வானத்தையும் பார்த்ததும் நான் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். ஒளிப்பதிவு ப்ரூனோ மொண்டி. வெனிஸில் கலருக்கென்றே தனியாக இன்னொரு விருதும் வாங்கியது.

அமெரிக்காக்காரன் டெக்னிகலரில் கேமராவுக்குள் மூன்று நெகட்டிவ் ஒரே நேரத்தில் ஓடும். ஒளியைப் பிரிக்கக் கண்ணாடிப் பட்டகம் வேறு. கேமரா ஒரு பீரோ அளவு இருக்கும், தூக்கிக்கொண்டு ஊர் சுற்ற முடியாது. அக்ஃபாவில் ஒரே நெகட்டிவ், அதிலேயே மூன்று அடுக்கு பூச்சு. நிறத்தைக் கொடுக்கும் ரசாயனம் அந்தப் பூச்சுக்குள்ளேயே இருக்கும், கழுவும்போது நிறம் எழும்பி வரும். சாதாரண கேமராவிலேயே எடுக்கலாம். வயல், சேறு, பிராக் தெரு என்று வெளியே போய் எடுக்க இது எவ்வளவு பெரிய வசதி!

இன்னொரு கதையும் இருக்கிறது. இந்த பிலிம் செய்த தொழிற்சாலை வோல்ஃபன் என்ற ஊரில். போருக்குப் பின் அந்த ஊர் ரஷ்யர்கள் பக்கம் போய், கிழக்கு ஜெர்மனி ஆகி, 1964-இல் ‘ஆர்வோ’ என்று புதுப்பெயர் வைத்துக்கொண்டார்கள். ‘ஒரிஜினல் வோல்ஃபன்’ என்பதன் சுருக்கம். டாலர் இல்லாத நம் நாட்டுக்கு ரூபாய்க் கணக்கில் கிடைத்த பிலிம் அது. எழுபதுகளில் தமிழ்ப் பட டைட்டிலில் ‘ஆர்வோ கலர்’ என்று பார்த்திருப்பீர்கள். அது இந்த அக்ஃபாகலரின் பேரப்பிள்ளைதான். அந்தச் சுருளின் கொஞ்சம் மண் கலந்தாற்போன்ற நிறம் எனக்குக் கைப்பழக்கம். இந்தப் படத்தைப் பார்த்தபோது தெரிந்த ஆளை இளவயசு போட்டோவில் பார்த்த மாதிரி இருந்தது.

#10 சும்மாஇரு

பிலிம்சுருள் ஐயா, அருமை. ஆனால் நீங்கள் சொல்வதே எனக்குச் சாதகம். இவ்வளவு அழகாக எடுத்த படத்தைப் பிரச்சாரம் என்று ஒதுக்கலாமா?

#11 கொட்டகைக்காரன்

ஒதுக்கச் சொல்லவில்லையே. மூன்று நாளாக அதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

ஐயா, அந்த அக்ஃபா கம்பெனி அப்போது ஐ.ஜி. ஃபார்பன் குழுமத்தில் ஒரு கை. அதே குழுமம்தான் ஆஷ்விட்ஸ் வதைமுகாம் பக்கத்தில் மோனோவிட்ஸில் செயற்கை ரப்பர் ஆலை கட்ட முகாம் கைதிகளைப் பயன்படுத்தியது. உங்கள் அனுபவத்தைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அந்த வானத்தின் நீலத்தை ரசித்தபோது எனக்கும் இது தெரியாது.

#12 பிலிம்சுருள்

மோனோவிட்ஸ் எனக்கும் தெரியாது. வோல்ஃபன் டப்பாவை எத்தனை தடவை திறந்திருப்பேன்.

#13 மேகலா

இழையைப் பார்த்துவிட்டு நேற்று ராத்திரி நானும் பார்த்துவிட்டேன். எனக்குக் கோபம் கோபமாக வந்தது. ஆனால் நீங்கள் யாரும் சொல்லாத ஒன்று.

இந்தப் படம் நகரத்தைத் திட்டுகிறது என்கிறீர்கள். திட்டட்டும். ஆனால் கேமரா என்ன செய்கிறது? பிராக் வரும்போதெல்லாம் அப்படியே மயங்கி நிற்கிறது. கோபுரங்கள், ஆறு, பாலம், வெயில்! கிராமத்தை எடுத்ததைவிட ஆசையாக எடுத்திருக்கிறார்கள். 1942-இல் கொட்டகைக்கு வந்தவர்களில் பெண்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? புருஷன் போர்முனையில், ரேஷன் சாப்பாடு, ராத்திரி விளக்கை அணைத்துவிட்டு குண்டுக்குப் பயந்து உட்கார்ந்திருக்கும் வாழ்க்கை. அந்த இரண்டு மணி நேரம் அவர்கள் கலரில் ஒரு சுற்றுலா போயிருக்கிறார்கள். வீட்டைவிட்டு ரயில் ஏறும் பெண்ணோடு சேர்ந்து மனசால் ரயில் ஏறியிருப்பார்கள். கடைசியில் அவள் செத்ததும் அழுதுவிட்டு, தங்களுக்கு ஒன்றும் ஆகவில்லை என்று வீட்டுக்குப் போயிருப்பார்கள். தண்டனை சேர்த்துத் தந்ததால் ஆசையைக் கூச்சமில்லாமல் அனுபவிக்க முடிந்தது. படம் ஓடியதற்குக் காரணம் ரத்தமும் மண்ணும் இல்லை, அந்த ரயில் டிக்கெட்தான் என்று நான் நினைக்கிறேன்.

அப்புறம் அந்த அப்பா. பெண்டாட்டியை ஊரோடு கட்டிப்போட்டு, அவள் செத்தும் பாடம் படிக்காமல், மகளைக் கேட்காமல் நிச்சயம் செய்து, வயசான காலத்தில் இன்னொரு கல்யாணத்துக்குத் தயாராகி... மகள் செத்ததும் அவருக்கு ஞானம் வருகிறது, நாம் அவருக்காக வருத்தப்பட வேண்டுமாம். வேலைக்காரியையும் டோனியையும் டோனியின் அம்மாவையும் கெட்டவர்கள் என்று மூலையில் நிற்க வைத்தாகிவிட்டது. மூன்று பேருமே செக். என்ன சௌகரியம்!

#14 கொட்டகைக்காரன்

மேகலா, ரயில் டிக்கெட் விஷயத்தை ஒப்புக்கொள்கிறேன். நான் பத்திரத்தைப் பார்த்துக்கொண்டிருந்ததில் ஜன்னலைப் பார்க்கவில்லை. அந்த வருடங்களில் ஜெர்மனியில் சினிமா டிக்கெட் விற்பனை ஆண்டுக்கு 100 கோடியைத் தாண்டியது என்பதும் உங்கள் பக்கம்தான் பேசுகிறது. ஜனங்கள் அவ்வளவு தூரம் தப்பிக்கப் பார்த்திருக்கிறார்கள்.

நடிகர்கள் பற்றி ஒரு சின்ன தமாஷ். செக்காரன் டோனியாக நடித்த குர்ட் மைஸல், அவன் அம்மாவாக நடித்த அன்னி ரோஸார் இரண்டு பேரும் வியன்னாக்காரர்கள். அசல் ஜெர்மன் விவசாயியாக வரும் தாமஸ், ருடோல்ஃப் ப்ராக், அவரும் வியன்னா. ஜெர்மன் மண்ணின் மகளாக வரும் ஸோடர்பாம் ஸ்டாக்ஹோமில் பிறந்த சுவீடன்காரி, ஜெர்மன் பேசினால் சுவீடன் வாடை அடிக்கும். ரத்தம் ரத்தம் என்று அடித்துக்கொண்டவர்களுக்கு அதைக் காட்ட மேக்கப்பும் பின்னலும்தான் தேவைப்பட்டிருக்கிறது.

இசையில் இன்னும் பெரிய கூத்து. படத்தில் ஸ்மெட்டனாவின் மோல்டாவ் ஆற்று இசையை எடுத்துப் பயன்படுத்தியிருக்கிறார்கள். ஸ்மெட்டனா செக்காரர்களின் தேசிய இசையமைப்பாளர், அந்தப் பகுதி வரும் தொகுப்பின் பெயரே ‘என் தாய்நாடு’. செக்காரனை வில்லனாக்க அவன் தாய்நாட்டு இசையையே கடன் வாங்கியிருக்கிறார்கள்.

#15 சும்மாஇரு

சரி, ரத்த விஷயத்தில் தோற்றேன். ஆனால் சதுப்பு? கிராமத்தின் பழமைதான் புனிதம் என்றால் சதுப்பை அப்படியே விடச் சொல்லியிருக்க வேண்டும். படமோ நீரை வடிக்கச் சொல்கிறது, இன்ஜினியரை நல்லவனாகக் காட்டுகிறது. இது முன்னேற்றப் படம் இல்லையா?

#16 வடமராட்சி

அதுதான் இடிக்கிற இடம். நாஜிகள் வாயில் பழைய பண்ணை, கையில் இயந்திரம். போருக்குத் தயாராகச் சொந்தத் தானியம் வேண்டும், அதுக்குச் சதுப்பெல்லாம் வயலாக வேண்டும். கிராமத்தைப் புகழ்ந்துகொண்டே ஆயுதத் தொழிற்சாலைக்கு ஆள் எடுத்ததில் கிராமங்களே காலியாகின.

காலியான இடத்தில் வேலை செய்தது ஆர்? போலந்திலிருந்தும் உக்ரைனிலிருந்தும் பிடித்து வந்த ஆக்கள். 1940 மார்ச்சில் வந்த கட்டளைப்படி போலந்துத் தொழிலாளர் எல்லாரும் சட்டையில் ‘பி’ என்ற எழுத்துத் துண்டு தைக்க வேண்டும். ஜேர்மன் பெண்ணோடு உறவு வைத்தால் மரண தண்டனை. பல ஊர்களில் மற்றத் தொழிலாளரைக் கூட்டி வந்து பார்க்க வைத்தே தூக்கில் போட்டார்கள். அந்தப் பெண்ணின் தலையை மொட்டையடித்து ஊர்வலம் விட்ட இடங்களும் உண்டு. 1942-இல் ஒரு உண்மையான ஜேர்மன் பண்ணையில் கமரா வைத்திருந்தால் படச் சட்டகத்துக்குள் முதலில் விழுந்திருப்பது அந்த ‘பி’ துண்டுதான். படத்தில் ஒரு இடத்திலும் அது இல்லை.

சதுப்பும் அப்படியே. வடமேற்கு ஜேர்மனியில் எம்ஸ்லாண்ட் என்ற பகுதியில் 1933-இலேயே முகாம் கட்டி, அரசியல் கைதிகளைக் கொண்டு சதுப்பை வெட்டினார்கள். மண்வெட்டியோடு நடக்கும் ‘சதுப்புப் படைவீரர்’ பாட்டு அந்த வருடம் ப்யோர்கர்மோர் முகாமில் கைதிகளே கட்டினது. என் மகள் அதைப் பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு வந்து வீட்டில் பாடினாள், அப்படித்தான் எனக்குத் தெரியும்.

#17 மட்டுறுத்துநர்

அரசியலுக்குள் போனாலும் இழை படத்தை விட்டு விலகவில்லை, தொடருங்கள். தனிமடலில் “நாஜிப் படத்தைப் பற்றி இழை எதற்கு” என்று கேட்டவருக்கு: படித்துப் பாருங்கள்.

#18 மேகலா

போருக்குப் பிறகு ஹார்லானுக்கு என்ன ஆயிற்று?

#19 கொட்டகைக்காரன்

‘யூட் ஸ்யூஸ்’ படத்துக்காக மனிதகுலத்துக்கு எதிரான குற்றம் என்று ஹாம்பர்க்கில் வழக்கு. 1949-இல் விடுதலை, மேல்முறையீட்டுக்குப் பின் 1950-இல் மறுபடி விடுதலை. திரும்பவும் படம் எடுக்க வந்தார். எரிஹ் ல்யூத் என்ற ஹாம்பர்க் அதிகாரி, ஹார்லான் படத்தைப் புறக்கணியுங்கள் என்று பகிரங்கமாகப் பேசினார். படக் கம்பெனிகள் அவர்மேல் வழக்குப் போட்டு கீழ்க்கோர்ட்டில் ஜெயித்தும் விட்டன. ல்யூத் விடவில்லை. 1958 ஜனவரி 15-ஆம் தேதி அரசியல் சாசன நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. பேச்சுரிமைக்கு ஜெர்மன் சட்டத்தில் அஸ்திவாரமான தீர்ப்பு அது. ஹார்லான் ஜெர்மனிக்குச் செய்த ஒரே நல்ல காரியம், அவருக்கே தெரியாமல்! 1964-இல் காப்ரித் தீவில் இறந்தார்.

ஸோடர்பாம் பிறகு புகைப்படக் கலைஞராகி 2001 வரை இருந்தார். நடித்ததற்காக வருத்தப்பட்டாரா என்று கேட்காதீர்கள், அது தனி இழை.

#20 சும்மாஇரு

இந்த வகைப் படமே அதோடு ஒழிந்ததா?

#21 கொட்டகைக்காரன்

எங்கே! ஐம்பதுகள்தான் ஹைமாட் படத்துக்குப் பொற்காலம். அப்போதைய ஆஸ்தான நாயகன் யார் தெரியுமா? நம்ம தாமஸ், ருடோல்ஃப் ப்ராக்! 1950-இல் ‘ஷ்வார்ட்ஸ்வால்ட்மேடல்’, 1951-இல் ‘க்ர்யூன் இஸ்ட் டீ ஹைடெ’, இரண்டிலும் அவர்தான், ஜோடி சோன்யா ஸீமான். 1942-இல் பண்ணையை வாங்கிக்கொண்ட ஆள் ஒன்பது வருடம் கழித்து வன அதிகாரியாக நிற்கிறார். உடுப்பு மட்டும் மாறியிருக்கிறது, அதே நல்ல பையன் முகம். அந்த இரண்டாவது படத்தில் ஒரு முன்னாள் நிலக்கிழார் வருவார், கிழக்கில் இருந்த சொத்தெல்லாம் போய் அகதியாக வந்தவர். ராத்திரியில் காட்டில் திருட்டு வேட்டை ஆடுவார். நிலம் போனவனால் துப்பாக்கியை மட்டும் விட முடியவில்லை. பத்திரம் தொலைந்த பிறகு வரும் கதை!

#22 வடமராட்சி

அதைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். நான் முதலில் இருந்த வீட்டுக்குக் கீழ்த்தளத்தில் ஒரு வயசான அம்மா இருந்தார். பொஹீமியாவில் பிறந்த ஜேர்மன் ஆள். போர் முடிந்த பிறகு அங்கிருந்து முப்பது லட்சம் பேர் வரை துரத்தப்பட்டார்கள் அல்லவா, அதில் ஒருவர். 1946-இல் ஒன்பது வயதில் தாயோடு ஒரு சரக்கு ரயிலில் வந்தவர். ஒரு ஆளுக்கு 50 கிலோ சாமான்தான் கொண்டுபோக விட்டார்களாம். எனக்கு ஜேர்மன் பேசப் பழக்கினவர் அவர்தான். நான் அகதி, அவரும் அகதி, அதனாலோ என்னவோ ஒட்டிக்கொண்டது.

ஒருநாள் அவருடைய வீட்டில் தேத்தண்ணி குடிக்கும்போது தொலைக்காட்சியில் ஹார்லானைப் பற்றிய நிகழ்ச்சி. அதில் இந்தப் படத்தின் துண்டும் போனது. நான் கேட்டேன், உங்கட ஊரும் இப்படித்தான் இருந்ததா என்று. அவர் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, “இவ்வளவு துப்பரவான சப்பாத்து எங்கட ஊரில ஒருத்தரிட்டயும் இருக்கேல்ல” என்றார். பிறகு அந்தச் சதுப்பு வந்ததும் எழும்பிப் போய்க் கேத்தலை வைத்தார். பக்கத்து வீட்டில் செக் ஆக்கள் இருந்தவை, அவையிட ஆடு ஒன்றும் தங்கட ஆடு ஒன்றும் எப்போதும் மாறிப் போகும் என்று குசினிக்குள் இருந்து சொன்னார். வேறொன்றும் சொல்லவில்லை.

#23 மேகலா

ஆடு மாறிப்போகும் கதையை யாராவது படமாக எடுத்திருக்கலாம்.

#24 பிலிம்சுருள்

மேகலாம்மா, அதை எந்தக் கலரில் எடுத்தாலும் நான் கழுவித் தருகிறேன்.

கொட்டகைக்காரன், 1951 படம் என்ன பிலிம் என்று பார்த்தீர்களா? கெவாகலர் என்று ஞாபகம். அந்தப் பெல்ஜியம் சரக்கும் நம் லேபுக்கு வந்திருக்கிறது. சனிக்கிழமை எல்லாரும் அதைப் பார்த்துவிட்டு வருவோமா?

#25 கொட்டகைக்காரன்

கெவாகலர்தான் ஐயா. சனிக்கிழமை சரி. புது இழை போடுகிறேன்.